டைட்டிலில் இல்லாத முகம்

கேள்வி: 1950களின் பிரிட்டிஷ் படங்களில் ஒல்லியான, துறுதுறுவென்ற ஒருவர் அடிக்கடி வருகிறார். ஒன்றில் ரயில்வே போர்ட்டர், இன்னொன்றில் சிப்பாய். டைட்டிலில் பெயரே இல்லை. யார் இவர்?

பதில்: நீங்கள் சொல்வதைப் பார்த்தால் சாம் கிட் ஆகத்தான் இருக்க வேண்டும். 1915இல் பெல்ஃபாஸ்ட்டில் பிறந்தவர். 1940இல் பிரான்ஸின் கலே நகரில் ஜெர்மானியரிடம் பிடிபட்டு, போர் முடியும்வரை போலந்தில் கைதியாக இருந்தார். முகாமுக்குள்ளேயே நாடகங்கள் போட்டார். விடுதலைக்குப் பிறகு அந்தச் சிறைவாசமே வாய்ப்பாக வந்தது. போர்க்கைதிகளைப் பற்றி ஈலிங் ஸ்டுடியோ எடுத்த 'தி கேப்டிவ் ஹார்ட்' (1946) படத்துக்கு முகாம் விவரங்களைச் சொல்லிக்கொடுத்தார், கைதியாகவும் நடித்தார்.

கேள்வி: இத்தனை படங்களில் ஒருவரால் எப்படி நடிக்க முடிந்தது?

பதில்: எல்லாம் நாள் கணக்கு வேலை. கதவைத் திறந்து, "உங்களுக்கு போன் சார்" என்று சொல்லிவிட்டுப் போகும் வேடத்துக்கு ஒரு நாள் போதும். ஈலிங், பைன்வுட், ஷெப்பர்ட்டன், எல்ஸ்ட்ரீ ஸ்டுடியோக்கள் எல்லாமே லண்டனிலும் அதன் சுற்றுவட்டாரத்திலும்தான். அப்போது ஒரே டிக்கெட்டில் இரண்டு படம் காட்டுவார்கள். முதலில் ஓடும் சின்னப் படம் ஏறக்குறைய ஒரு மணி நேரம். சில வாரங்களில் எடுத்து முடித்துவிடுவார்கள். அந்த அவசரத்தில் முதல் டேக்கிலேயே வசனத்தைச் சரியாகச் சொல்லும் ஆளுக்குத்தான் மவுசு. நட்சத்திரங்களைவிட இவர்களை நம்பித்தான் அந்தத் தொழில் ஓடியது என்பேன்.

கேள்வி: அவர் நடித்த படங்களைப் பட்டியலிட்டு வருகிறேன். ஒரு படத்தில் இருப்பதாகச் சொல்கிறார்கள். என் டிவிடியில் காணோம். 90 நிமிடப் படம் 86 நிமிடம்தான் ஓடுகிறது. வெட்டிவிட்டார்களா?

பதில்: அவசரப்படாதீர்கள். சினிமா வினாடிக்கு 24 ஃபிரேம். பிரிட்டனில் இருந்த 'பால்' (PAL) என்ற டிவி முறைக்கான டிவிடி 25 ஃபிரேம், அதாவது படம் கொஞ்சம் வேகமாக ஓடும். அதனால் 90 நிமிடம் 86 நிமிடம் 24 வினாடியாகச் சுருங்கும். அதையும் விடக் குறைந்தால்தான் கத்தரியைச் சந்தேகிக்க வேண்டும்.

இணையப் பட்டியல்களை அப்படியே நம்பாதீர்கள். 'டைட்டிலில் பெயர் இல்லை' என்ற குறிப்போடு வருபவற்றில் பல, யாரோ முகத்தைப் பார்த்து ஊகித்துச் சேர்த்தவை. முகம் தெரியும் நிமிடம், உடை, பேசும் வரி மூன்றையும் குறித்துக்கொண்ட பிறகே பட்டியலில் ஏற்றுங்கள். முதுகு மட்டும் தெரிந்தால் சேர்க்க வேண்டாம். அமெரிக்காவில் பெயர் மாற்றி வெளியிட்ட படத்தை இரண்டாக எண்ணிவிடுவதும் வழக்கமான பிழை. இப்படிக் கழித்தாலும் அவர் கணக்கு 200ஐத் தாண்டும்.

கேள்வி: கடைசிவரை துண்டு வேடம்தானா?

பதில்: சினிமாவில் பெரும்பாலும் அப்படித்தான். டிவி கைகொடுத்தது. 'கிரேன்' (1963) தொடரில் அவர் செய்த ஆர்லாண்டோ பாத்திரம் பிடித்துப்போய், 'ஆர்லாண்டோ' என்ற பெயரிலேயே தனித் தொடர் வந்தது. 1982இல் காலமானார்.