ஜெனிசிஸ் குழுவை விட்டு வந்த பிறகு பீட்டர் கேப்ரியல் என்ன செய்தார்?

சுருக்கமாகச் சொன்னால், குழுவில் இருந்ததைவிடப் பெரிய வேலைகள்.

கேப்ரியல் இங்கிலாந்தின் சார்ட்டர்ஹவுஸ் பள்ளி நண்பர்களோடு 1967இல் தொடங்கிய ராக் இசைக்குழு ஜெனிசிஸ். மனைவியின் சிவப்பு கவுனும் நரித் தலையும் மாட்டிக்கொண்டு மேடையேறிய பாடகர் இவர்தான். 1975இல் விலகினார். பாடகர் போனால் குழு படுத்துவிடும் என்றுதான் பலரும் நினைத்தார்கள். டிரம்மர் ஃபில் காலின்ஸ் மைக்கைப் பிடித்தார், குழு இன்னும் பிரபலமானது!

கேப்ரியலின் முதல் நான்கு தனி ஆல்பங்களுக்கும் அவர் பெயரே தலைப்பு. 1980இல் வந்த மூன்றாவதுதான் என் கணக்கில் முக்கியமானது. அதில் சிம்பலையே, அதாவது டிரம்மோடு இருக்கும் உலோகத் தட்டுகளையே, தொடக்கூடாது என்று சொல்லிவிட்டார். சில பாடல்களில் டிரம் வாசித்தவர் அதே காலின்ஸ். டிரம் அடி அறை முழுக்க அதிர்ந்து, சட்டென்று கத்தரித்தாற்போல நிற்கும். எண்பதுகளின் பாப் இசை முழுக்கக் கேட்ட அந்தச் சத்தம் பிரபலமாகத் தொடங்கியது இங்கேதான்.

1982இல் பல நாட்டு இசைக்காக வோமாட் விழாவைத் தொடங்கிக் கடனில் மாட்டினார். கைகொடுத்தது யார் தெரியுமா? பழைய குழு நண்பர்கள். சேர்ந்து ஒரு கச்சேரி நடத்திக் கடனுக்கு உதவினார்கள்.

அப்புறம் 1986இல் 'சோ' ஆல்பம், உலகப் புகழ். நம்மவர்களுக்கு ஒரு கொசுறு: 1989இல் வந்த 'பேஷன்' (Passion) ஆல்பத்தில் சென்னையில் பிறந்த எல். சங்கரின் வயலின் இருக்கிறது. ஹெட்போனில் கேளுங்கள்.