ஆழ்மனமும் நனவிலியும்: குடியாத்தத்துத் தாயாருக்கு ஒரு பதில்

அன்புள்ள அம்மா,

பிளஸ் டூ படிக்கும் உங்கள் மகள், பாகாயத்தில் உள்ள சி.எம்.சி. மனநல மையத்தில் பணிபுரிபவர்களைப் போலத் தானும் உளவியலாளராக வேண்டும் என்று சொல்வதையும், அதற்கு அடித்தளமாக ஓர் 'ஆழ்மன ஆற்றல்' பயிற்சியில் சேர்க்கலாமா என்று நீங்கள் யோசிப்பதையும் கடிதத்தில் படித்தேன். அந்தப் பயிற்சிக்குப் பணம் கட்ட வேண்டாம். காரணம் அந்தச் சொல்லிலேயே இருக்கிறது.

தன்னம்பிக்கை மேடைகளில் ஆழ்மனம் எனப்படும் 'சப்கான்ஷியஸ்' என்ற சொல்லை, பிரெஞ்சு உளவியலாளர் பியேர் ஜானே 1889இல் வெளியிட்ட தம் ஆய்வு நூலில் கையாண்டார். ஆனால் 'அன்கான்ஷியஸ்' எனும் நனவிலியைத் தம் கோட்பாட்டின் மையமாகக் கொண்ட சிக்மண்ட் பிராய்டு, 'சப்கான்ஷியஸ்' என்ற சொல் பிழையானது, குழப்பம் தருவது என்று 1915இல் எழுதிய கட்டுரையில் ஒதுக்கிவிட்டார். மகளிடம் அவளுடைய ஐந்தாம் வகுப்பு ஆசிரியரின் பெயரைக் கேட்டுப் பாருங்கள். அதுவரை நினைவில் இல்லாத பெயர், கேட்டதும் வந்துவிடும். அதைப் பிராய்டு முன்நனவு என்றார். நனவிலியில் இருப்பதோ அழைத்தாலும் வராது. மனம் தானே விலக்கி வைத்த அச்சமும் ஆசையும் கனவிலும் வாய்தவறி வரும் சொல்லிலும்தான் தலைகாட்டும் என்பது அவர் கருத்து. அதை முழுமையாக ஏற்காத உளவியலாளர்கள் இன்று பலர்.

பீடி சுற்றுவதாக எழுதியிருந்தீர்கள். இலையில் தூளை வைத்துச் சுருட்டி, முனையை மடித்து, நூல் கட்டும் வரை நீங்கள் பக்கத்து வீட்டாரோடு பேசிக்கொண்டிருந்தாலும் விரல் பிசகுவதில்லை அல்லவா? இதைத்தான் பலரும் ஆழ்மனத்தின் வேலை என்கிறார்கள். உளவியல் இதைச் செயல்முறை நினைவு என்கிறது. ஆயிரக்கணக்கான முறை சுற்றியதால் வந்த பழக்கம் இது. ஆழ்மனப் பயிற்சிகளில் சொல்வதுபோல், படுக்கும் முன் 'என்னால் முடியும்' என்று முணுமுணுத்து வந்ததன்று.

படிப்பைப் பொறுத்தவரை, பி.எஸ்சி. உளவியலில் புள்ளியியல் தவறாமல் இருக்கும். கணக்கைக் கண்டு ஒதுங்கும் மாணவர்கள் பலர் திணறுவது அங்கேதான். அந்தப் பட்டம் மட்டும் போதாது. முதுகலைக்குப் பிறகு உரிய பயிற்சியும், 1992ஆம் ஆண்டுச் சட்டப்படி இயங்கும் இந்திய மறுவாழ்வு மன்றத்தின் பதிவும் பெற்றவர்களே மருத்துவ உளவியலாளராகப் பணியாற்ற முடியும்.

அடுத்த முறை வேலூர் வரும்போது மகளையும் அழைத்து வாருங்கள். அவளுடைய பதினொன்றாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலையும் மறக்காமல் எடுத்து வாருங்கள்.