வழிகாட்டி உரிம வழக்குகளும் உங்கள் மகளின் விருப்பமும்

வரலாற்றில் இளங்கலை முடிக்கவிருக்கும் மகள் சுற்றுலா வழிகாட்டியாக விரும்புகிறாள் என்றும், அவளுடைய பெரியப்பா, "உரிமத்துக்காகக் கோர்ட் படியேறும் தொழில் அது, கடன் வாங்கியாவது எம்.பி.ஏ. சேர்த்துவிடு" என்று வற்புறுத்துகிறார் என்றும் எழுதியிருந்தீர்கள். உங்கள் கவலை நியாயமானது. ஆனால் அந்த வழக்குகளைப் பெரியப்பா முழுதாகப் படித்திருந்தால், அவற்றை உங்கள் மகளுக்கு எதிரான சாட்சியாக நிறுத்தியிருக்க மாட்டார்.

அமெரிக்காவில் 2014 ஜூன் மாதத்தில் இரண்டு மேல்முறையீட்டு நீதிமன்றங்கள் நேரெதிராகத் தீர்ப்பளித்தன. தேர்வு எழுதி, போதைப்பொருள் சோதனைக்கும் குற்றப்பின்னணி விசாரணைக்கும் உட்பட்டே உரிமம் பெற வேண்டும் என்ற நியூ ஆர்லியன்ஸ் நகர விதி செல்லும் என்றது ஒன்று. 100 வினாக்கள் கொண்ட தேர்வில் தேறாதவர் கட்டணம் வாங்கி ஊரைச் சுற்றிக்காட்டக் கூடாது என்ற தலைநகர் வாஷிங்டனின் விதி பேச்சுரிமைக்கு முரணானது என்று ரத்து செய்தது மற்றொன்று. நியூ ஆர்லியன்ஸ் வழக்கை விசாரிக்க உச்ச நீதிமன்றம் 2015இல் மறுத்துவிட்டதால் அந்த முரண் தீராமலே நின்றது. பிறகு 2020இல், 200 வினாக்களையும் ஏறத்தாழ 500 பக்கக் கையேட்டையும் வைத்திருந்த சார்ல்ஸ்டன் நகரம் தோற்றது; விரும்புவோர் மட்டும் சான்றிதழ் பெறும் ஏற்பாடு போன்ற மென்மையான வழிகளை நகரம் உண்மையாக முயன்று பார்க்கவில்லை என்பதே தீர்ப்பின் சாரம். ஆக, வழிகாட்டிக்கு அறிவு தேவையா என்பதல்ல, அதை அரசு கட்டாயத் தேர்வு வைத்து அளக்கலாமா என்பதே கேள்வியாக இருந்தது.

அந்தத் தீர்ப்புகளை நம்பி இந்தியாவில் உரிமமின்றி இறங்கிவிடவும் கூடாது. அரசியலமைப்பின் 19(1)(ஜி) தொழில் செய்யும் உரிமையைத் தந்தாலும், ஒரு தொழிலுக்குரிய தகுதியைச் சட்டத்தின் மூலம் நிர்ணயிக்க 19(6) அரசுக்கு வெளிப்படையாகவே இடமளிக்கிறது. மத்திய அரசின் பாதுகாப்பிலுள்ள தொல்லியல் சின்னங்களுக்குள் காசு பெற்று ஒருவரைச் சுற்றிக்காட்ட உரிமம் வேண்டும் என்று 1959ஆம் ஆண்டு விதிகள் கூறுகின்றன.

என் கவனத்தை ஈர்ப்பது 1991இல் ஐரோப்பியச் சமூகத்தின் (இன்றைய ஐரோப்பிய ஒன்றியத்தின்) நீதிமன்றம் பிரான்ஸ், இத்தாலி, கிரீஸ் ஆகிய நாடுகளுக்கு எதிராக அளித்த தீர்ப்புகள். வேறு உறுப்பு நாட்டிலிருந்து குழுவோடு வரும் வழிகாட்டியிடம் உள்ளூர் உரிமம் கேட்பது, உறுப்பு நாடுகளுக்கிடையே தடையின்றிச் சேவை வழங்கும் சுதந்திரத்துக்கு முரண் என்றபோதும், சிறப்பு வழிகாட்டி மட்டுமே விளக்கக்கூடிய அருங்காட்சியகங்களையும் வரலாற்றுச் சின்னங்களையும் அவை விலக்கி வைத்தன. பலரும் கண்டுகொள்ளாத அந்தச் சிறப்பு வழிகாட்டியின் இடத்தையே உங்கள் மகளுக்குப் பரிந்துரைக்கிறேன்.

அதற்கு முதல் தேவை ஒரு வெளிநாட்டு மொழி. சான்றிதழ் அளவில் அல்ல, குறுக்குக் கேள்விக்குத் தயங்காமல் பதில் சொல்லும் அளவில். அடுத்து, ஒரே ஒரு சின்னத்தைத் தேர்ந்தெடுத்து, அதன் கல்வெட்டுகளையும் அகழாய்வு அறிக்கைகளையும் மூலத்திலேயே படிக்க வேண்டும். அந்த ஒரு சின்னத்தையே பள்ளிப் பிள்ளைகளுக்கு ஒரு விதமாகவும், முதியவர்களுக்கு வேறு விதமாகவும், துறை அறிந்தவர்களுக்கு இன்னொரு விதமாகவும் சொல்லப் பழக வேண்டும். குழுவின் கண்ணில் வெயில் படாதபடி எங்கே நிறுத்துவது, பின்வரிசைக்குக் கேட்கும்படி எப்போது குரலை உயர்த்துவது, தெரியாததைத் தெரியாது என்று எப்படிக் கௌரவமாகச் சொல்வது ஆகியவற்றை அனுபவமுள்ள வழிகாட்டியின் பின்னால் நடந்தே கற்க முடியும். (கட்டுக்கதை சொல்லிக் கைதட்டல் வாங்குபவரின் பின்னால் நடந்துவிட வேண்டாம்.) இது பருவம் சார்ந்த வருமானம், கூட்டம் குறையும் மாதங்களில் மொழிபெயர்ப்பும் ஒலிவழிகாட்டிக்கு உரை எழுதும் பணியும் கைகொடுக்கும்.

செலவு விஷயத்தில் எனக்குத் தயக்கமே இல்லை. மகள் விரும்பாத படிப்புக்குக் கடன் வாங்காதீர்கள். அந்தத் தவணையைக் கட்டப்போவது பெரியப்பா அல்ல, அவள்தான். "வழிகாட்டிப் பட்டயம்" என்று விளம்பரம் செய்யும் தனியார் நிறுவனத்துக்கும், உரிமம் வழங்கும் துறையின் அறிவிப்பில் அப்பட்டயம் தகுதியாகக் குறிப்பிடப்பட்டிருந்தாலன்றி, பணம் கட்டாதீர்கள். அவள் பணிபுரிய விரும்பும் இடத்தில் உரிமம் தருவது யார், அது எந்த எல்லைக்குள் செல்லும், எத்தனை ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும், வெளிநாடு என்றால் அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டும்தானா ஆகிய நான்கையும் அத்துறையிடம் அவளே எழுத்தில் கேட்டுப் பெறட்டும். அந்தப் பதில்களோடு என்னைச் சந்திக்க வாருங்கள். அவளையும் அழைத்து வாருங்கள்.