கான்யே வெஸ்ட், கத்ரீனா – கடிதம்

அன்புள்ள ஐயா,

2005இல் அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தைத் தாக்கிய கத்ரீனா புயல் பற்றிய உங்கள் கட்டுரையில் ராப் பாடகர் கான்யே வெஸ்டைப் பாராட்டும் தொனியில் குறிப்பிட்டிருந்தீர்கள். நிவாரண நிதி திரட்டும் மேடையில் அன்றைய அதிபரைப் பற்றி "ஜார்ஜ் புஷ்ஷுக்குக் கறுப்பின மக்கள் மேல் அக்கறை இல்லை" என்று போட்டு உடைத்தது பொறுப்பில்லாத பேச்சு இல்லையா? 2010இல் அவரே வருத்தம் தெரிவித்துவிட்டார். பிறகு யூதர்களைப் பற்றி என்னவெல்லாம் பேசினார்! இவரை எதற்கு மேற்கோள் காட்ட வேண்டும்? வெள்ளத்துக்கு நிறம் தெரியுமா?

கே., கோவை

அன்புள்ள கே.,

யூதர்களைப் பற்றி அவர் பேசியது அருவருப்பானது, அதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. ஆனால் 2005 செப்டம்பர் 2ஆம் தேதி என்பிசி தொலைக்காட்சி நேரலையில் அவர் பேசியதை முழுசாகக் கேளுங்கள். புஷ் பற்றிய வரி கடைசியில்தான் வருகிறது. அதற்கு முன்பே, குரல் தடுமாற, கறுப்பினக் குடும்பத்தைக் காட்டினால் சூறையாடுகிறார்கள் என்கிறார்கள், வெள்ளைக் குடும்பம் என்றால் உணவு தேடுகிறார்கள் என்கிறார்கள் என்று சொல்லிவிடுகிறார். அந்த வாரம் வெளியான இரண்டு செய்திப் படங்களைப் பாருங்கள். மார்பளவு தண்ணீரில் சாமான்களோடு வரும் கறுப்பின இளைஞர் மளிகைக் கடையைச் 'சூறையாடிவிட்டு' வருகிறாராம், அதே மாதிரி தண்ணீரில் வரும் வெள்ளை ஜோடிக்கு ரொட்டியும் சோடாவும் 'கிடைத்ததாம்'. எடுத்தவர்களும் நிறுவனங்களும் வேறு வேறு என்பது உண்மைதான், ஆனால் பார்த்த கண் ஒன்றாகத்தானே இருக்கிறது.

புஷ்ஷின் மனதில் என்ன இருந்தது என்று யாராலும் நிரூபிக்க முடியாது. அந்த ஒரு வரியால் பேச்சு முழுவதும் புஷ் நல்லவரா கெட்டவரா என்று திரும்பிவிட்டதுதான் என் வருத்தம்.

வெள்ளத்துக்கு நிறம் தெரியாது, சரி. அப்புறம் வந்த நிவாரணத்தைப் பாருங்கள். லூசியானாவில் வீடு இழந்தவர்களுக்காகக் கூட்டாட்சி அரசின் பணத்தில் 'ரோடு ஹோம்' என்று ஒரு திட்டம் வந்தது. புயலுக்கு முன் வீட்டின் சந்தை மதிப்பு, சேதத்தைச் சரிசெய்ய ஆகும் செலவு, இரண்டில் எது குறைவோ அதை வைத்துத்தான் உதவித்தொகை. அந்த மாநிலத்தின் நியூ ஆர்லியன்ஸ் நகரில் கறுப்பினத்தவர் வாழும் தெருவில் அதே அளவு வீட்டுக்கு மதிப்பு குறைவு, ஆனால் மரத்துக்கும் ஆணிக்கும் கொத்தனார் கூலிக்கும் எந்தத் தெருவிலும் ஒரே விலைதான். அந்த விதியில் இனம் என்ற பேச்சே இல்லை, அதை எழுதியவர் யாரையும் வெறுத்திருக்கவும் வேண்டியதில்லை, ஆனாலும் வீட்டைத் திரும்பக் கட்டப் பணம் போதாமல் நின்றவர்களில் யார் அதிகம் என்பதை அதுவே தீர்மானித்துவிட்டது. பாதிக்கப்பட்டவர்கள் வழக்குப் போட்டுப் போராடி 2011இல்தான் சமரசம் வந்தது. புயல் அடித்து ஆறு வருஷம்.

அதனால் மேற்கோளை எடுக்கப் போவதில்லை. படங்களைப் பற்றி கான்யே சொன்னதையும் அந்த இடத்தில் சேர்த்துவிடுகிறேன்.