ஷூவைத் திருப்பிப் பார்க்கும் வேலை: மகளின் முடிவைப் பற்றிக் கேட்ட ஒரு தந்தைக்கு

மதிப்பிற்குரிய ஐயா,

தங்கள் கடிதம் கிடைத்தது. வேதியியல் இளநிலைப் படிப்பின் கடைசிப் பருவத்தில் இருக்கும் தங்கள் மகளுக்கு ஒரே வாரத்தில் இரண்டு வாய்ப்புகள் வந்திருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். ஒன்று, விளையாட்டுக் காலணித் தொழிற்சாலையில் தரக் கட்டுப்பாட்டுப் பயிலுநர் பணி. மற்றொன்று, அதே வகைக் காலணிகளைப் பல நாட்டுத் தொழிற்சாலைகளில் செய்வித்து வாங்கும் அலுவலகத்தில் சோர்சிங் பயிலுநர் பணி. மகளுக்குத் தொழிற்சாலை மீது நாட்டம். தங்களுக்கோ அலுவலகம்தான் பாதுகாப்பாகத் தெரிகிறது. "நாளெல்லாம் ஷூவைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பது படித்த பெண் செய்யும் வேலையா?" என்று கேட்டிருக்கிறீர்கள். படித்த பெண்தான் செய்ய வேண்டிய வேலை அது, அதிலும் வேதியியல் படித்தவள் செய்ய வேண்டியது என்பது என் கருத்து. காரணத்தைச் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

ஓட்டப் பயிற்சிக்கான ஷூ ஒன்றைக் கையில் எடுத்துப் பாருங்கள். காலை மூடும் துணிப் பகுதியை அத்தொழிலில் அப்பர் என்பார்கள். அதன் கீழே மெத்தென்று இருக்கும் நுரைப் பகுதி மிட்சோல். தரையில் படும் ரப்பர்ப் பகுதி அவுட்சோல். இந்த மூன்றையும் சேர்த்துப் பிடித்திருப்பது பெரும்பாலும் தையல் அன்று, பசைதான். கழுவிய பரப்பில் பிரைமர் என்ற முன்பூச்சைப் பூசி, உலர்த்தி, பசை தடவி, சூடான சுரங்கம் போன்ற இயந்திரத்தின் வழியே அனுப்பி, பசை உயிர்பெற்றிருக்கும் அந்தச் சில விநாடிகளுக்குள் ஒரு தொழிலாளி அப்பரையும் சோலையும் கையால் பொருத்திவிட, அழுத்தும் இயந்திரம் மிச்ச வேலையைச் செய்கிறது. மேலே எத்தனை அழகிருந்தாலும், கிலோமீட்டர் கணக்கில் ஓடப்போகிற ஒருவரின் எடை முழுவதையும் தாங்குவது கண்ணுக்குத் தெரியாத அந்த மெல்லிய படலமே.

அந்தப் படலம் சரியாகப் பிடித்திருக்கிறதா என்று பார்ப்பதற்கு, சோலையும் அப்பரையும் இயந்திரத்தில் மாட்டிப் பிரித்து இழுப்பார்கள். ஒரு மில்லிமீட்டர் அகலத்துக்கு எத்தனை நியூட்டன் விசை தேவைப்பட்டது என்று இயந்திரம் எண்ணாகக் காட்டும். அனுபவமுள்ள ஆய்வாளர் அந்த எண்ணைக் குறித்துக்கொண்டு உடனே நகர்ந்துவிட மாட்டார். பிரிந்த இரண்டு முகங்களையும் வெளிச்சத்தில் சாய்த்துப் பார்ப்பார். பசை முழுவதும் அப்பரோடு போய், சோலின் முகம் துடைத்துவிட்டதுபோல் பளிச்சென்று இருந்தால் கோளாறு சோலின் பரப்பில் இருக்கிறது. அச்சிலிருந்து எளிதாகக் கழலப் பூசிய எண்ணெய்ப் பூச்சு சரியாகக் கழுவப்படாமல் இருந்திருக்கலாம், அல்லது பிரைமர் தவறியிருக்கலாம். இரண்டு முகத்திலும் பசை பாதிப் பாதியாகக் கிழிந்திருந்தால், உலர்த்திய நேரத்தையும் சூட்டையும் சந்தேகிக்க வேண்டும். பசை அப்படியே இருக்க, நுரையே பிய்ந்து வந்திருந்தால் அவர் முகத்தில் நிறைவு தெரியும்: பொருள்தான் உடைந்தது, ஒட்டு உடையவில்லை. மாணவர்களைத் தொழிற்சாலைகளுக்கு அழைத்துச் செல்லும்போதெல்லாம் நான் அந்த மேசையருகேதான் அதிக நேரம் நிற்பேன். தங்கள் மகள் மூன்றாண்டுகளாகப் புத்தகத்தில் படித்த பரப்புவேதியியல் அங்கே கைக்கு அகப்படுகிறது.

தங்களுக்குத் தெரியும் அந்தத் "திருப்பித் திருப்பிப் பார்க்கும்" வேலை, பெட்டியில் அடைத்த பின் நடக்கும் இறுதி ஆய்வு. அதற்கும் ஒரு கணக்கு உண்டு. உலகெங்கும் பின்பற்றப்படும் ஐ.எஸ்.ஓ. 2859-1 அட்டவணையின் வழக்கமான ஆய்வு நிலையின்படி, 3,000 ஜோடி கொண்ட ஒரு தொகுப்பிலிருந்து 125 ஜோடிகளை எடுத்துப் பார்க்க வேண்டும். பெரிய குறைகளுக்கு 2.5 என்ற ஏற்புத் தர வரம்பு (ஏ.க்யூ.எல்.) ஒப்பந்தத்தில் இருந்தால், 7 குறைகள் வரை தொகுப்பை ஏற்கலாம். 8 வந்துவிட்டால் 3,000 ஜோடியும் நிற்க வேண்டியதுதான். சிறு குறைகளுக்கு 4.0 என்று வைத்திருந்தால், 10 வரை ஏற்கலாம், 11 ஆனால் நிராகரிப்பு. உடைந்த ஊசிமுனை போல அணிபவரைக் காயப்படுத்தக்கூடிய குறை ஒன்றுகூட இருக்கக் கூடாது.

இந்தக் கணக்கை எவரும் ஒரு நாளில் கற்றுக்கொள்ளலாம். கடினம் வேறோர் இடத்தில் இருக்கிறது. மாலை நேரம், ஏழு பெரிய குறைகள் ஏற்கெனவே எழுதியாயிற்று, 119-ஆவது ஜோடியில் இடது ஷூவின் நீலம் வலது ஷூவின் நீலத்தைவிட ஒரு சாயல் வெளுத்திருக்கிறது. அது சிறு குறையா, பெரிய குறையா? சரக்கு ஏற்ற வண்டி வாசலில் நிற்கிறது. உற்பத்தி மேலாளர் தோளுக்குப் பின்னால் நிற்கிறார். இரு தரப்பும் கையெழுத்திட்டு முத்திரை வைத்த ஒப்புதல் மாதிரியை எடுத்துப் பக்கத்தில் வைத்து, உரிய வெளிச்சப் பெட்டிக்குள் பார்த்து, கண்டதை அப்படியே எழுத வேண்டும். முதல் ஜோடியைப் பார்த்த அதே கண்ணால் 119-ஆவது ஜோடியையும் பார்க்க முடிகிறவர்களுக்கே இந்த வேலை. தங்கள் மகள் அப்படிப்பட்டவளா என்பது என்னைவிடத் தங்களுக்கே நன்றாகத் தெரியும்.

தவறிப் போனால் என்ன ஆகும் என்பதற்கு உலகமே பார்த்த ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. 2019 பிப்ரவரி 20 அன்று அமெரிக்காவின் டியூக், வட கரோலைனா பல்கலைக்கழகங்களின் கூடைப்பந்து ஆட்டம் தொடங்கி ஒரு நிமிடம்கூட ஆகாத நிலையில், ஸயன் வில்லியம்சன் என்ற இளம் வீரர் காலை ஊன்றித் திரும்பியபோது அவர் அணிந்திருந்த நைக்கி ஷூ கிழிந்து பிளந்தது. அவருக்கு முழங்காலில் சுளுக்கு ஏற்பட்டது. மறுநாள் பங்குச் சந்தையில் அந்நிறுவனத்தின் விலை ஏறத்தாழ 1 விழுக்காடு இறங்கியது. அசாதாரண உடல்வலிமை கொண்ட ஒரு வீரருக்கு நேர்ந்ததை வைத்து எல்லா ஷூவையும் எடைபோட முடியாதுதான். ஆனால் ஒரு ஜோடியின் கிழிசல் எத்தனை தூரம் எட்டும் என்பதை அந்த நாள் காட்டியது.

இனி, தாங்கள் விரும்பும் சோர்சிங். விலை பேசுவது அதில் ஒரு பகுதி மட்டுமே. எந்த நாட்டில், எந்தத் தொழிற்சாலையில், எந்தத் துணியையும் நுரையையும் கொண்டு, எத்தனை நாளில் செய்விப்பது என்று தீர்மானிப்பதும், அந்தத் தீர்மானத்தின் விளைவுகளுக்குப் பொறுப்பேற்பதும் அந்த வேலை. பெரிய பிராண்டுகள் பெரும்பாலும் தாமே ஷூ செய்வதில்லை. 2023 நிதியாண்டில் நைக்கியின் காலணிகளில் ஏறத்தாழ பாதி வியட்நாமில் உள்ள ஒப்பந்தத் தொழிற்சாலைகளில் செய்யப்பட்டவை. 2021இல் பெருந்தொற்றுக் கட்டுப்பாடுகளால் தெற்கு வியட்நாமின் ஆலைகள் வாரக்கணக்கில் மூடிக் கிடந்தபோது, ஒரே நாட்டை அதிகமாக நம்பியிருப்பதன் விலை என்ன என்று சோர்சிங் துறையினர் ஒவ்வொருவரும் கற்றுக்கொண்டனர். நல்ல வேலை, மதிப்புள்ள வேலை. அதில் எனக்கு ஐயமில்லை.

என் தயக்கம் வரிசை பற்றியது. முன்பு என்னிடம் ஆலோசனை பெற்ற ஒரு மாணவி, ஒரு தொழிற்சாலையின் தரப் பிரிவில் சேர்ந்த முதல் ஆண்டில் சந்தித்த சிக்கலைச் சொல்கிறேன். இறுதி ஆய்வில் தேறி, கப்பலேறிச் சென்ற வெள்ளை ஷூக்கள், போய்ச் சேர்ந்த இடத்தில் பெட்டியைத் திறந்தபோது மஞ்சளடித்துக் கிடந்தன. துணியை மாற்றவில்லை, சாயத்தை மாற்றவில்லை, பசையையும் மாற்றவில்லை. எல்லோரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருக்க, திரும்பி வந்த ஷூக்களில் சில வெயில் படும் சன்னலருகே இரண்டு நாள் இருந்தபின் மஞ்சள் குறைந்திருப்பதை இவள் கவனித்தாள். பிளாஸ்டிக் உறைகளில் ஆக்சிஜனேற்றத்தைத் தடுப்பதற்காகச் சேர்க்கும் பி.எச்.டி. (BHT) என்ற ஃபீனால் வகைப் பொருள், உறையிலிருந்து ஆவியாகித் துணியில் படிந்து, வாகனப் புகையிலுள்ள நைட்ரஜன் ஆக்சைடுகளோடு வினைபுரிந்தால் மஞ்சள் நிறச் சேர்மம் உண்டாகும் என்பதும், அந்த மஞ்சள் வெளிச்சத்தில் ஓரளவு மறையும் என்பதும் அவள் படித்த பாடத்தில் இருந்தவை. தேடிப் பார்த்ததில், சோர்சிங் அலுவலகத்தில் யாரோ சிறு தொகையை மிச்சப்படுத்த உறை வழங்குபவரை மாற்றியிருந்தது தெரிந்தது. மாற்றியவர் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. உறை என்பது அவருக்கு வெறும் உறைதான், அவ்வளவே. ஒருநாள்கூடத் தொழிற்சாலைத் தளத்தில் நின்றிராதவருக்கு அது வேறெப்படித் தெரியும்? அந்த மாணவி இன்று சோர்சிங் பிரிவில் இருக்கிறாள். உறை விலையில் தள்ளுபடி தருவதாக எவரேனும் சொன்னால், முதலில் அதன் சோதனை அறிக்கையைக் கேட்கிறாள்.

ஆகவே தரக் கட்டுப்பாட்டில் இரண்டு, மூன்று ஆண்டுகள் நின்றுவிட்டுச் சோர்சிங்குக்குப் போவதே நல்லது என்பேன். எதிர்த்திசையில் போவோர் குறைவு. அலுவலக நாற்காலியிலிருந்து தளத்துக்கு இறங்கிவருவது எந்த வயதிலும் மனத்துக்குக் கடினம்.

தங்கள் மற்ற அச்சங்களுக்கு வருகிறேன். இயந்திரங்கள் வந்து வேலையைப் பறித்துவிடும் என்கிறீர்கள். அடிடாஸ் நிறுவனம் ஜெர்மனியின் அன்ஸ்பாக்கிலும் அமெரிக்காவின் அட்லாண்டாவிலும் பெரும்பகுதி தானியங்கியாக இயங்கும் ஷூ ஆலைகளை நிறுவிப் பார்த்தது. அவற்றை மூடுவதாக 2019 நவம்பரில் அறிவித்து, அந்தத் தொழில்நுட்பத்தை ஆசியாவிலுள்ள தன் வழங்குநர்களிடம் கொண்டுசெல்வதாகச் சொன்னது. கேமரா கண் தையல் பிசகைக் கண்டுபிடிக்கும், அது இன்னும் பெருகும். பசை ஏன் பிரிந்தது என்று காரணம் தேடும் இடத்தில் இன்னமும் மனிதர் தேவைப்படுகிறார்.

ரசாயனப் புகை பற்றிய தங்கள் கவலையை மட்டும் நான் எளிதாகத் தள்ளிவிட மாட்டேன். கடிதத்திலேயே நியாயமான கேள்வி அதுதான். நைக்கிக்காக வியட்நாமில் இயங்கிய ஒரு ஆலையைப் பற்றிய தணிக்கை அறிக்கை 1997இல் வெளியே கசிந்தபோது, பசையில் பயன்படுத்திய டொலுயீன் போன்ற கரைப்பான்களால் தொழிலாளர் சுவாசித்த காற்று கெட்டிருந்தது உலகுக்குத் தெரிந்தது. மறு ஆண்டு அந்நிறுவனத்தின் தலைவர் ஃபில் நைட், ஆலைக் காற்றுக்கு அமெரிக்கத் தொழிற்பாதுகாப்பு அளவுகளைப் பின்பற்றுவதாகவும், காலணி ஆலைகளில் புதிதாகச் சேர்வோருக்குக் குறைந்தபட்ச வயது 18 என்றும் பொதுவில் அறிவிக்க வேண்டிவந்தது. அதன் பின் நீர் கலந்த பசைகள் பரவலாகியுள்ளன. ஆனாலும் கரைப்பான் அடிப்படையிலான பசையும் பிரைமரும் முற்றாக ஒழிந்துவிடவில்லை. ஆகவே நம்பிக்கையின் பேரில் விடாமல் கேட்டே தெரிந்துகொள்ள வேண்டும்.

நேர்முகத்தின்போது மகள் கேட்க வேண்டியவை சில உண்டு. பசை தடவும் வரிசையில் காற்றின் தரத்தை எத்தனை நாளுக்கொரு முறை அளக்கிறார்கள், அந்த அறிக்கையைப் பயிலுநர்கள் பார்க்கலாமா? தரப் பிரிவின் தலைவர் யாருக்குக் கட்டுப்பட்டவர்? உற்பத்தி மேலாளருக்குக் கட்டுப்பட்டவர் என்று பதில் வந்தால், மாலை நேரத்து எட்டாவது குறை அந்த இடத்தில் பெரும்பாலும் ஏழாகவே எழுதப்படும் என்று எடுத்துக்கொள்ளலாம். அப்படிப்பட்ட இடத்தில் சேர வேண்டாம் என்று நானே சொல்வேன். ஆலைக்குள்ளேயே சோதனைக்கூடம் இருக்கிறதா, பயிற்சியின் முதல் ஆறு மாதத்தில் அங்கே எத்தனை வாரம் இருக்கலாம்? இரவுப் பணி உண்டா, வீடு திரும்ப வண்டி தருவார்களா? இந்தக் கடைசிக் கேள்வியைத் தாங்கள் கேட்கச் சொல்லியதாகவே சொல்லட்டும், தவறில்லை.

மேற்படிப்பு குறித்து இப்போது முடிவெடுக்க அவசியமில்லை. பாலிமர் அறிவியலா, வழங்கல் மேலாண்மையா என்று ஓராண்டு வேலைக்குப் பின் அவளுக்கே தெளிவாகும்.

நேர்முகத்துக்கு இன்னும் பத்து நாள் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். வீட்டில் தேய்ந்துபோன பழைய விளையாட்டு ஷூ ஏதேனும் இருந்தால் மகளிடம் கொடுங்கள். முன்பக்கத்திலிருந்து சோலை மெல்ல இழுத்துப் பிரித்து, பசை எந்த முகத்தில் நின்றது, எங்கே பிரிந்தது, எங்கே நுரை பிய்ந்தது என்று பார்த்து, காரணம் என்னவாக இருக்கும் என்பதை ஒரு பக்க அளவில் எனக்கு எழுதச் சொல்லுங்கள். அதைப் படித்துவிட்டு, நேர்முகத்துக்கு முன் அவளிடம் நேரில் பேசுகிறேன்.

அன்புடன்,
தங்கள் ஆலோசகர்