கோயம்புத்தூர் பக்கம் இருந்துகொண்டே நவீன நடனம், நடன அமைப்பு, நடன எழுத்து மூன்றையும் தொழிலாக வைத்துக்கொள்ள முடியுமா?

தாராளமாக முடியுங்க. நான் ஈரோட்டில் இருந்துகொண்டு ஆடுகிறேன், நடனம் அமைக்கிறேன், நடனத்தைப் பற்றி எழுதவும் செய்கிறேன்.

காசு விஷயத்தை முதலில் பேசிவிடலாம். மேடையில் ஆடிக் கிடைப்பது சொற்பம். வீட்டு வாடகை வகுப்பெடுப்பதில்தான் வருகிறது. பள்ளி ஆண்டு விழாக் காலம் வந்துவிட்டால் கோபி, திருப்பூர் என்று ஓட்டம்தான். கல்யாண வீட்டில் ஆடச் சொல்லிக்கொடுக்கவும் கூப்பிடுகிறார்கள், சந்தோஷமாகப் போகிறேன். சின்ன மேடையில் ஒரு வகுப்புப் பிள்ளைகளை இடித்துக்கொள்ளாமல் நகர்த்தப் பழகினாலே நடன அமைப்பில் பாதி கைவந்துவிடும்.

முறையான பயிற்சிக்கு வெளியூர் போகத்தான் வேண்டும். பெங்களூரில் 1992-ல் தொடங்கிய ஆட்டக்களரி என்ற நவீன நடன மையம் இருக்கிறது. சென்னையில் நடன அமைப்பாளர் சந்திரலேகா 1985-ல் ‘அங்கிகா’ என்ற படைப்பில் பரதத்தையும் கேரளத்துச் சண்டைக் கலையான களரியையும் யோகாவையும் ஒன்றாக வைத்துப் பார்த்தார். அவர் குழுவில் ஆடிய பத்மினி செட்டூர் பிறகு தனக்கென்று ஒரு நடன மொழியை உருவாக்கிக்கொண்டார். அதே குழுவில் ஆடிய திஷானி தோஷி, கவிஞராகவும் நாவலாசிரியராகவும் அறியப்பட்டவர். எழுத்தும் ஆட்டமும் ஒரே ஆளிடம் தங்குமா என்று வீட்டில் கேட்டால் இவரைக் காட்டுங்கள்.

ஆனால் நடன அமைப்பைப் படிக்க நம் ஊரிலேயே பெரிய பாடம் கிடக்கிறது. வள்ளி, முருகன் கதையைப் பாடி ஆடும் வள்ளிக் கும்மியைச் சொல்கிறேன். மேட்டுப்பாளையம் பக்கம் தேக்கம்பட்டி பத்திரப்பன் ஐயாவுக்கு 2024-ல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். கும்மியில் பெண்களைச் சேர்த்து ஆடவைத்தவர் அவர். கோயில் திடலில் கும்மி நடந்தால் கைபேசியில் படம் பிடிப்பதை விட்டுவிட்டுக் கால்களைப் பாருங்கள். கை தட்டுவதற்கு முன்பே முழங்கால் இளகி, உடம்பின் எடை ஒரு காலுக்கு இறங்கிவிடும். திரும்பும் திசையைப் பாதம் முதலில் சொல்லும், தோள் பின்னால் வரும். பாட்டு வேகமெடுக்கும்போது அடி சின்னதாகும், வரிசை மட்டும் கலையாது. அத்தனை பேரும் எதை வைத்து ஒன்றாகத் திரும்புகிறார்கள் என்று கண்டுபிடித்து எழுதிப் பாருங்கள். ஒரு பக்கம் எழுதுவதற்குள் வியர்த்துவிடும். நடன எழுத்து என்று நான் நம்புவது இதைத்தான். ‘அரங்கமே அதிர்ந்தது’ என்ற வரியைப் படித்தவருக்கு ஆட்டம் கண்ணில் தெரிவதே இல்லை, எனக்கு அது பெரிய வருத்தம்.

இப்படி எழுதிப் பழகியது என் நடன அமைப்பையே மாற்றியது. ‘இன்னும் அழகா பண்ணு அம்மிணி’ என்று மாணவியிடம் சொல்வதில்லை. ‘எடையை இடது குதிகாலுக்கு விடு, அப்புறம் திரும்பு’ என்கிறேன். உடனே புரிகிறது.

எழுத்தில் நேரடியாக வரும் பணம் குறைவுதான். நல்கை, அதாவது கலைக்கான நிதியுதவி கேட்கும்போதுதான் எழுத்தின் அருமை தெரியும். பெங்களூரில் உள்ள இந்தியா ஃபவுண்டேஷன் ஃபார் தி ஆர்ட்ஸ் கலை ஆய்வுக்கும் படைப்புக்கும் நல்கை தருகிறது. என்ன செய்யப் போகிறீர்கள், ஏன் என்று தெளிவாக எழுதிக் கேட்க வேண்டும். தமிழிலேயே எழுதி அனுப்பலாம்.