காவல் நாயின் மண்ணீரலில் கட்டி: ஆபரேஷன் செய்யலாமா?

கேள்வி: புளியங்குடிப் பக்கம் எலுமிச்சைத் தோட்டம். காவலுக்கு நிற்கும் ராஜபாளையம் நாய்க்கு 9 வயது. மூத்திரம் சரியாகப் போகவில்லை என்று ஸ்கேன் எடுத்ததில் மண்ணீரலில் கட்டி தெரிகிறது என்றார்கள். நன்றாகத்தான் சாப்பிடுகிறது. ஊசி போட்டு முடித்துவிடச் சொல்கிறார் பக்கத்துத் தோட்டக்காரர். ஆபரேஷன் செய்தால் பிழைக்குமா?

பதில்: அவசரப்படாதீர்கள் அண்ணாச்சி. ஸ்கேனை மட்டும் வைத்து இது புற்றுநோய்தான் என்று யாராலும் அடித்துச் சொல்ல முடியாது, ரத்தம் கட்டிய வீக்கமும் வயதான நாய்க்கு வரும் சாதாரண முடிச்சும் படத்தில் ஏறக்குறைய ஒரே மாதிரிதான் இருக்கும். மண்ணீரல் கட்டிகளில் மூன்றில் இரண்டு கெட்டது என்று ஒரு பழைய கணக்கு சொல்வார்கள். அதில் கட்டி உடைந்து ரத்தம் கசிந்து வந்த நாய்களும் சேர்த்தி. உங்கள் நாய்க்குப் போல உடையாமல், வேறு எதையோ தேடும்போது கண்ணில் பட்ட கட்டி என்றால் நல்லதாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

கத்தி வைப்பதற்கு முன் உண்ணிக் காய்ச்சல் இருக்கிறதா என்று பாருங்கள், நம் பக்கம் பலர் கோட்டை விடுவது இங்கேதான். காது மடலுக்குள்ளும் கால்விரல் இடுக்கிலும் விரலை விட்டுத் தடவினாலே உண்ணி சிக்கும். உண்ணி கடித்து ஏறும் பபீசியா கிருமி வெளியே தெரியாமல் உடம்பில் கிடக்கும். அதை அடக்கி வைத்திருக்கிற மண்ணீரலை எடுத்துவிட்டால் கிளம்பிவிடும். அதனால் ரத்தப் பரிசோதனையில் தட்டணுக்களோடு இதையும் பார்க்கச் சொல்லுங்கள், முடிந்தால் கிருமியின் மரபணுவைத் தேடும் பிசிஆர் சோதனையும். அப்புறம் நெஞ்சு எக்ஸ்ரே. நுரையீரலுக்குப் பரவியிருந்தால் நான் ஆபரேஷனுக்குச் சொல்ல மாட்டேன்.

ஆபரேஷன் இப்போது முன்னைப் போல இல்லை. ஒவ்வொரு ரத்தக் குழாயையும் நூலால் கட்டிக்கொண்டிருந்த வேலையை, குழாயைச் சுட்டு ஒட்டி அறுக்கும் கருவி சீக்கிரம் முடித்துவிடுகிறது. சின்னக் கட்டியைச் சிறு துளை போட்டுச் செய்யும் லேப்ராஸ்கோப்பியிலும் எடுக்கிறார்கள். ஆனால் பெரிய கட்டி இழுக்கும்போது உடையலாம், கல்லீரலையும் கையால் தொட்டுப் பார்க்க வேண்டும், அதற்கு வயிற்றைத் திறப்பதுதான் சரி. ரத்தம் கொடுக்க 25 கிலோவுக்கு மேல் உள்ள ஆரோக்கியமான இன்னொரு நாயையும் கூட்டிப் போங்கள். முடிந்தபின் ஓரிரு நாள் இதயத் துடிப்பு தாறுமாறாகலாம் என்பதால் மருத்துவமனையிலேயே இருக்கட்டும். மண்ணீரல் இல்லாமலும் நாய் நன்றாக வாழும்.

எடுத்த கட்டியைப் பார்மலினில் போட்டு லேபுக்கு அனுப்பியே ஆக வேண்டும், அந்தச் செலவில் மட்டும் சிக்கனம் பார்க்காதீர்கள். சாதாரணக் கட்டி என்றால் அத்தோடு தொல்லை விட்டது. ரத்தக்குழாய்ப் புற்று என்று வந்தால், ஆபரேஷன் மட்டும் செய்தால் பெரும்பாலும் 1 முதல் 3 மாதம், டாக்ஸோரூபிசின் என்ற புற்றுநோய் மருந்தும் ஏற்றினால் 4 முதல் 6 மாதம் வரை உயிரோடு இருக்கும்.

உங்களுக்கு ராமையன்பட்டியில் இருக்கும் திருநெல்வேலி கால்நடை மருத்துவக் கல்லூரி பக்கம்தானே, ஸ்கேன் ரிப்போர்ட்டோடு அங்கே போய்ப் பாருங்கள். அதுவரை பன்றி விரட்ட அவிழ்த்து விட வேண்டாம். ஈறு வெளுத்து, வயிறு உப்பி, நாய் படுத்துவிட்டால் கட்டி உடைந்திருக்கலாம். காலையில் பார்க்கலாம் என்று இருக்காமல் உடனே வண்டியில் ஏற்றிவிடுங்கள்.